மேசைக்கடியில் ஆமைத் தாத்தா

முட்டி போனா போகுது, நான் நகர மாட்டேன். மேடையில ஒரு மேசை, மேல் பலகை நடுவுல பொம்மையைத் தூக்கிக் காட்டறதுக்குன்னு ஆள் நுழையற அளவு வெட்டியிருக்கு, அது மேலயும் சுத்தித் தரை வரைக்கும் கறுப்புத் துணி, துணிக்குள்ள ஒரு சின்ன முக்காலி, முக்காலி மேல நான். வெளிய ஹால் நிறைய பசங்க சத்தம், யாரோ ஹலோ ஹலோன்னு மைக்கைத் தட்டித் தட்டிப் பாக்கிறான். ஷெரின்னு ஒரு பொண்ணு, காதுல என்னத்தையோ மாட்டிகிட்டு காலையிலேருந்து ஓடிகிட்டே இருக்கு, இந்த நிகழ்ச்சிக்கு எல்லாமே அதுதான் போல. குனிஞ்சு துணியைத் தூக்கி, "ஆன்ட்டி, புழுங்குதா, ஒரு ஃபேன் வைக்கவா?"ன்னு கேட்டுச்சு. வேணாம்மா, ஃபேன் சத்தம் மைக்ல வரும்னேன். "அய்யோ, எல்லாம் தெரியுது உங்களுக்கு"ன்னு சிரிச்சுட்டுப் போச்சு. நல்ல பொண்ணு, அது மேல எனக்கு ஒண்ணும் கிடையாது. எல்லாம் தெரியும்தான். இதே மாதிரி ஒரு பெட்டிக்குள்ளதான் என் வயசு போச்சு. பொங்கல் சிறப்பு நிகழ்ச்சி, நேரலை. நேரலைங்கிறதுதான் முக்கியம், அதைக் கேட்டப்புறம்தான் வரேன்னு சொன்னேன். வெட்ட முடியாது, ஒட்ட முடியாது. அந்தாளு ஊர் பாக்க வாயைத் திறக்கணும், திறந்தா ஒண்ணும் வரக்கூடாது, அதை நான் இங்க இருட்டுல உட்கார்ந்து காதாரக் கேக்கணும். வேற ஒண்ணும் வேணாம் எனக்கு.

அந்தாளுன்னா ராமபத்ரன். எண்பத்தஞ்சு தாண்டிடுச்சு. ஊருக்கு அவர் "ஆமைத் தாத்தா ராமபத்ரன்", இன்னிக்கு அவருக்கு விருது, பொன்னாடை, மாலை எல்லாம். எனக்கு இருபது வயசு இருக்கும்போது டிவில செவ்வாய்க்கிழமை சாயந்திரமானா "தாத்தா முழிச்சுக்கோ"ன்னு ஒரு பொம்மை நிகழ்ச்சி வரும். ஒரு கிழட்டு ஆமை, ஒரு அணில்குட்டி. அணில் பேரு சுந்து. அது ஆமையோட ஓட்டு மேல ஏறி உட்கார்ந்துகிட்டு, "தாத்தா, முழிச்சுக்கோ"ன்னு மூணு தரம் கூப்பிடும். உள்ள இருந்தே ஆமை, "முழிச்சுட்டேன்டா, கண்ணு மட்டும்தான் தூங்குது"ன்னு சொல்லும். ஊர்ப் பிள்ளைங்கல்லாம் இதையே சொல்லிகிட்டுத் திரிஞ்சுதுங்க, பள்ளிக்கூடத்துல வாத்தியாருங்க திட்டினாங்களாம். சுந்து ஏதாவது தப்பு பண்ணுச்சுன்னா தாத்தா தலையை ஓட்டுக்குள்ள இழுத்துக்கும். சுந்து ஓட்டைத் தட்டி, "தப்புதான் தாத்தா"ன்னு சொல்லணும், சொன்னாத்தான் தலை வெளிய வரும். கிழவனும் குஞ்சும் எப்படி சிநேகமா இருக்கணும்னு ஊருக்கெல்லாம் பாடம் எடுத்தோம். எடுத்த ரெண்டு பேரும் கேமராவுக்குக் கீழ ஒரு பலகைப் பெட்டிக்குள்ள குந்திகிட்டு, விலாவுல முழங்கையால குத்திகிட்டுக் கிடந்தோம். அந்தப் பெட்டிக்குள்ள வெத்தலை வாசனை, அந்தாளு வேர்வை, பொம்மைக்குள்ள கை வழுக்காம இருக்கப் போடற பவுடர் வாசனை. இதோ இப்பகூட மடியில இருக்கிற பொம்மைல அந்தப் பவுடர் வாசனை வருது, இல்லை, எனக்குத்தான் வர்ற மாதிரி இருக்கோ என்னமோ.

ஊருக்குத் தெரியாதது ஒண்ணு இருக்கு. ஆமை நான். அணில் அந்தாளு. தாவணியை விட்டுப் புடவை கட்டிப் பழகிட்டிருந்த பொண்ணு கிழட்டு ஆமை, தொப்பை வச்ச நாப்பத்தஞ்சு வயசு ஆம்பளை அணில்குட்டி. முதல் நாள் பேசிப் பாக்கச் சொன்னப்போ தயாரிப்பாளர் அப்படித்தான் பிரிச்சுக் குடுத்தார். ராமபத்ரனுக்குப் பிறவியிலேயே கீச்சுக் குரல். போன்ல பேசினா எதிர்ல இருக்கிறவன் "அப்பாகிட்ட குடு பாப்பா"ன்னு சொல்லுவானாம், அவரே பல்லைக் கடிச்சுகிட்டு ஒரு நாள் சொன்னார். அந்த வெக்கம் எனக்குப் புரியாம இல்லை. புரியுது, அதுக்கென்ன பண்ணச் சொல்றீங்க. ஒரு பத்திரிகைக்காரன் வந்தான், ஒரு பெரியவரையும் ஒரு சின்னப் பொண்ணையும் பாத்தான், பெரியவர் கையில ஆமையைக் குடுத்து, என் கையில அணிலைக் குடுத்து போட்டோ எடுத்தான். "ஆமைத் தாத்தா இவர்தான்"னு போட்டான். ராமபத்ரன் வாயே திறக்கலை. நானும் அந்த நேரத்துல சிரிச்சுகிட்டு நின்னேன், பெரியவர் அப்புறமா தனியா அவன்கிட்ட சொல்லிடுவார்னு நெனச்சேன். நிகழ்ச்சி முடியறப்போ திரையில "பொம்மலாட்டம்: ராமபத்ரன் குழு"ன்னு வரும். அந்தக் குழுங்கிற எழுத்துக்குள்ளதான் நான் இருந்தேன். அதுக்கப்புறம் எத்தனையோ மேடை, எத்தனையோ பேட்டி. யாராவது "சார், அந்தக் குரல்ல ஒரு வார்த்தை"ன்னா, கையை மேல தூக்கி, "அந்தக் குரலை அந்தப் பெட்டியிலேயே விட்டுட்டு வந்துட்டேன்"னு சொல்லுவார். கைதட்டுவாங்க. நான் எங்க வீட்டு சோபால உட்கார்ந்து அதை எத்தனை தரம் பாத்தேன், கணக்கே இல்லை, சேனலை மாத்தவே மாட்டேன். விட்டுட்டு வந்தது குரலை இல்லைய்யா, என்னை.

போட்டோ வந்த பத்திரிகையை எங்கப்பாதான் வீட்டுக்குக் கொண்டு வந்தார். அப்பா ஏழுமலை, பெரம்பூர் லோகோ ஒர்க்ஸ்ல வேலை, பீடி பிடிச்சுப் பிடிச்சுத் தொண்டை கரகரன்னு இருக்கும், ஒரு வார்த்தைக்கும் அடுத்த வார்த்தைக்கும் நடுவுல ஒரு டீ குடிச்சுட்டு வரலாம். அதுவரைக்கும் குவார்ட்டர்ஸ் முழுக்க, "ஆமை பேசுது பாத்தியா, அது நம்ம ரஞ்சிதான்"னு சொல்லிகிட்டுத் திரிஞ்சவர். அன்னிக்குப் பத்திரிகையை மடிச்சுத் திண்டு மேல வச்சுட்டு, "ஏன் ரஞ்சி, பொய் சொன்னே?"ன்னு கேட்டார். கத்தலை. அதுதான். கத்தியிருந்தா நானும் கத்தியிருப்பேன். சத்தியமா நான்தாம்பான்னு சொல்லி, அங்கயே நின்னு பேசிக் காட்டினேன், "முழிச்சுட்டேன்டா, கண்ணு மட்டும்தான் தூங்குது"ன்னு. அப்பா கேட்டார், தலையை ஆட்டினார். "நல்லா மிமிக்ரி பண்றே"ன்னுட்டு துண்டை எடுத்துகிட்டுக் குளிக்கப் போயிட்டார். அந்த ஆமைக் குரல் யாரோடது தெரியுமா? அவரோடதுதான். மோவாயைக் கழுத்துக்குள்ள அமுக்கி, மூச்சைப் பாதி விட்டுட்டு, அப்பா பேசற மாதிரியே இழுத்து இழுத்துப் பேசுவேன். அம்மா கண்டுபிடிச்சுட்டா, முதல் வாரமே வாயைப் பொத்திகிட்டுச் சிரிச்சா. அவருக்கு மட்டும் கடைசி வரைக்கும் தெரியலை, தன் குரல் தனக்குத் தெரியாதாமே, ஒருத்தருக்கும் தெரியாதாம். நான் பொய் சொன்னேன்னு செத்துப் போற வரைக்கும் மனசுல வச்சிருந்தார். ஆஸ்பத்திரில பக்கத்துப் படுக்கைக்காரர்கிட்ட, "என் பொண்ணு டிவில வேலை பாத்துச்சு, பொம்மை எடுத்துக் குடுக்கும்"னு சொன்னார். எடுத்துக் குடுக்கும். நான் அப்போ கஞ்சி ஆத்திகிட்டிருந்தேன், ஆத்திகிட்டே இருந்தேன், கஞ்சி ஆறியே போச்சு.

"ஆன்ட்டி, சார் வந்துட்டாரு, இன்னும் கொஞ்ச நேரம்தான்"னு ஷெரின் சொல்லுது. மேசைக்கு அந்தப் பக்கம் நாற்காலி இழுபடற சத்தம். துணி இடுக்குல ரெண்டு கால் தெரியுது, வீங்கின கால், சாக்ஸ் போட்டு செருப்பு. பாக்காத, ரஞ்சி, பாவம்னு தோணும், பாக்காத. இவங்க போட்ட கணக்கு இது: அந்தக் காலத்துப் பொம்மைங்களையே தேடி எடுத்துட்டாங்க, ஆமையைத் துணிக்குள்ள அவர் கைக்கு எட்டற மாதிரி வச்சாச்சு, சார் மேல உட்கார்ந்து அதைக் கையில மாட்டிகிட்டுப் பேசுவார், நான் கீழ இருந்து அணிலைத் தூக்கிப் பிடிச்சு அணில் குரல்ல பேசணும். பொம்பளைன்னா கீச்சுக் குரல்தானே, ஆம்பளைன்னா கனத்த குரல்தானே, வேற எப்படி நெனப்பாங்க. ஷெரின் முதல்ல போன் பண்ணி, "ஆன்ட்டி, நீங்கதானே அந்த அணில்?"னு கேட்டப்போ, நாக்கு நுனி வரைக்கும் வந்துச்சு. முழுங்கிட்டேன். ஆமாம்மான்னேன். இத்தனை வருஷம் அந்தாளு தப்பிச்சதே யாரும் பேசச் சொல்லி மல்லுக்கு நிக்காததாலதான். இந்தத் தடவை மருமகள் ஒத்துகிட்டுக் கூட்டிகிட்டு வந்துட்டா, அவளுக்கு என்ன தெரியும், மாமனார்தான் ஆமைன்னு அவளும் நம்பறா. வயசானவருக்கு ரிகர்சல் வேணாம்னும் சொல்லிட்டாங்க. இதை விட நல்ல நாள் எனக்கு வரப் போறதில்லை. அந்தாளு முக்கப் போறார், இருமப் போறார், கீச்சுன்னு ஒண்ணு வரப் போகுது, அப்புறம் பசங்க சிரிக்கும். குழந்தைங்க சிரிப்புக்கு இரக்கமே கிடையாது. நான் அணிலை மடியிலேயே போட்டுகிட்டு வாயை மூடி உட்கார்ந்திருக்கப் போறேன்.

மேக்கப் ரூம்ல பாத்தேன். மருமகள், "மாமா, இவங்களைத் தெரியுதா, உங்களோட வேலை பாத்தவங்க"ன்னா. அந்தாளு என்னை மேலயும் கீழயும் பாத்துட்டு, "யாரும்மா நீ, காபி குடுத்தாங்களா?"ன்னு கேட்டார். மருமகள் தனியா வந்து, "கொஞ்ச நாளா ஞாபகம் இல்லைங்க, தப்பா எடுத்துக்காதீங்க"ன்னா. எப்படிம்மா எடுத்துக்கிறது. மறந்துட்டா விட்டுடணுமா? பண்றதையும் பண்ணிட்டு மறக்கிறதுக்கும் அவருக்கே குடுப்பினை. நான் ஒருத்தி மட்டும் எல்லாத்தையும் சுமந்துகிட்டு ராத்திரியெல்லாம் கொட்டக் கொட்ட முழிச்சுக் கிடக்கணும். இல்லை, நடிக்கிறாரா? அதுவும் செய்வார், முகத்தை மாத்தாம நிக்கிறதுல கெட்டிக்காரர். பூ விஷயத்துல நின்னாரே. எனக்கு நிச்சயதார்த்தம் ஆன மறுநாள் கனகாம்பரம் வச்சுகிட்டுப் போயிட்டேன், அத்தை ஆசையா வச்சு விட்டாங்க, எடுக்க மனசு வரலை. பெட்டிக்குள்ள ஒரே சட்டம்தான், பலகைக்கு மேல தலை தெரியக்கூடாது. வழக்கமாவே அந்தாளு வலது கையில அணிலைத் தூக்கிப் பிடிச்சுகிட்டு, இடது கையால என் உச்சந்தலையை அமுக்கிகிட்டே இருப்பார், நான் நிமிர்ந்தாலும் சரி, நிமிராட்டாலும் சரி. அன்னிக்கு பூ மேல தெரிஞ்சுடுச்சு. கலர் டிவி புதுசு, ஆமை ஓட்டுக்குப் பின்னால ஆரஞ்சா ஏதோ எட்டிப் பாத்துச்சாம். அந்த இடது கை பூவை முடியோட சேத்துப் பிடிச்சு இழுத்துச்சு. மைக் ஓடிகிட்டிருக்கு, கத்த முடியாது. கண்ணுல தண்ணி கொட்டுது, ஆமை பேசிகிட்டிருக்கு, "சின்னவங்க மனசு நோகக்கூடாதுடா சுந்து"ன்னு. அன்னிக்கு அதுதான் பாடம். வெளிய வந்து அந்தாளு முகத்துல ஒரு சலனம் இல்லை, கையில ஒட்டின முடியை வேட்டில தொடைச்சுகிட்டார்.

அப்புறம் கல்யாணம், அப்புறம் வயித்துல குழந்தை, பெட்டிக்குள்ள குந்த முடியலை. "பிரசவம் முடிஞ்சு வா, உன் ஆமை எங்க போயிடும்"னு சொன்னது இதே வாய்தான். குழந்தைக்கு மூணு மாசம் ஆனப்போ, பக்கத்து வீட்டு டிவில செவ்வாய்க்கிழமை உட்கார்ந்து பாக்கிறேன், சுந்து மட்டும் தனியா வருது. "தாத்தா கடலுக்குப் போயிட்டாரு பிள்ளைங்களா, இனிமே வர மாட்டாரு"ங்குது. எனக்கு வேலை போச்சுன்னு ஒரு அணில் சொல்லித்தான் தெரிஞ்சுகிட்டேன். பேட்டில, தொண்டைக்கு ஆமைக் குரல் ஒத்துக்கலை, அதனால தாத்தாவை அனுப்பி வச்சுட்டேன்னாராம். பக்கத்து வீட்டுப் பிள்ளைங்க அழுதுதுங்க. என் மடியில குழந்தை பால் குடிச்சுகிட்டிருந்துச்சு, அதுக்கு என்ன தெரியும். நான் அழலை. எங்க வீட்டுக்கு வந்து அரிசியைக் களைஞ்சு உலையில போட்டேன். அன்னிலேருந்து இன்னிக்கு வரைக்கும் ஒரு நாள் கூட நான் இதை மறக்கலை.

பாட்டு போட்டுட்டாங்க. தொகுப்பாளர் பையன் தொண்டை கிழியப் பேசறான், கைதட்டல், பொன்னாடை சரசரப்பு. "சார், இத்தனை வருஷம் கழிச்சு, நம்ம குட்டீஸுக்காக, ஆமைத் தாத்தா குரல்ல ஒரே ஒரு வார்த்தை." வந்துடுச்சு. ஹால் அமைதியாயிடுச்சு. என் நெஞ்சு அடிக்கிற சத்தம் புடவையில குத்தின மைக்ல கேக்குமோன்னு கையால பொத்திகிட்டேன். பேசு. பேசுய்யா. மேல ஒண்ணும் இல்லை, மூச்சு மட்டும் இழுக்குது. ஒரு குழந்தை க்ளுக்குன்னு சிரிக்குது. எனக்கு உடம்பெல்லாம் ஜில்லுன்னு இருக்கு, ஐஸ் வச்ச மாதிரி, நல்லா இருக்கு, இன்னும் கொஞ்சம் இப்படியே இருக்கட்டும். அப்போ துணிக்கடியில கை ஒண்ணு இறங்குது. வலது கை, தோலெல்லாம் தொங்குது. அவர் பக்கம் வச்சிருந்த ஆமையைத் தொட்டுப் பாத்துச்சு, தள்ளி விட்டுச்சு, ஆமை என் கால்கிட்ட வந்து விழுந்துச்சு. கை தேடிகிட்டே வந்து என் மடியில இருந்த அணிலை எடுத்துகிட்டு மேல போயிடுச்சு. அடப்பாவி. அந்தக் கைக்கு ஞாபகம் இருக்கு.

"தாத்தா, முழிச்சுக்கோ." சுந்துவேதான். பல்லு போன வாயிலேருந்து அப்படியே அதே குரல், ஒரு பிசிறு இல்லை. ஹால் முழுக்கக் குழப்பமா ஒரு சலசலப்பு. தொகுப்பாளர், "சார், இது அணில் இல்லையா?"ங்கிறான். அந்தாளு அவனைக் கண்டுக்கலை. "தாத்தா, முழிச்சுக்கோ." ரெண்டு. என் மோவாய் தானா கழுத்துக்குள்ள இறங்குது, மூச்சு பாதி வெளிய போகுது, நான் உதட்டைக் கடிச்சுப் பிடிச்சுகிட்டேன். பேசமாட்டேன். பேசினா அந்தாளைக் காப்பாத்தின மாதிரி ஆயிடும். கூப்பிடட்டும், கூப்பிட்டுக் கூப்பிட்டு அசிங்கப்படட்டும். ஆனா ஆமை கால்கிட்ட மல்லாந்து கிடக்கு. எடுத்தேன். கையை விட்டேன். கழுத்துப் பக்கம் எவ்வளவு சின்னதா தைச்சிருக்கு பாருங்க, என் கைக்கு அளவெடுத்துத் தைச்சது, அந்தாளோட தடி விரல் ஒண்ணு கூட இதுல நுழையாது, இத்தனை வருஷமா இதை ஒரு ஆள் கூடப் பாக்கலை. இப்போ என் விரலும் கணு வீங்கிப் போய்த்தான் இருக்கு, வலிக்க வலிக்க நுழைஞ்சுது. "தாத்தா, முழிச்சுக்கோ." மூணு, குரல் லேசா உடையுது. அப்போ இடது கை கீழ வந்துச்சு. துழாவவே இல்லை. நேரா வந்து என் உச்சந்தலையில உட்கார்ந்து அமுக்குச்சு.

அப்போ தெரிஞ்சுகிட்டேன், என் பேரு மறந்திருக்கலாம், மூஞ்சி மறந்திருக்கலாம், என் தலை அமுக்கறதுக்குன்னு இருக்குன்னு மட்டும் மறக்கலை.

"முழிச்சுட்டேன்டா"ன்னேன். ஸ்பீக்கர்ல எங்கப்பா குரல் ஹால் முழுக்கப் போச்சு, நிதானமா, கரகரன்னு. பின்னால நின்ன பெரியவங்க, குழந்தையா இதைப் பாத்து வளந்தவங்க, ஓன்னு ஒரு சத்தம் போட்டாங்க. கைதட்டறாங்க. யாருக்குத் தட்டறாங்க? அந்தாளுக்கு. அவர்தான் ரெண்டு குரல்லயும் பேசறார்னு நெனச்சுட்டாங்க. "சார், சூப்பர் சார்"ங்கிறான் தொகுப்பாளர். மறுபடியும் அதேதான். இந்தத் தடவையும் அதேதான் நடக்கப் போகுது, நான் இங்கயே உட்கார்ந்திருந்தா. கைதட்டல் அடங்கற வரைக்கும் பொறுத்துகிட்டேன். அப்புறம் தாத்தா குரல்லயே, ஒவ்வொரு வார்த்தையா, "தலையிலேருந்து கையை எடுடா"ன்னேன். கை எடுக்கலை. எழுந்தேன். முட்டி ரெண்டும் மடக்குன்னு சத்தம் போட்டுச்சு, துணி கழுத்துல மாட்டிகிட்டு வந்துச்சு, அந்தக் கை என் தலையோட மேல வந்து வழுக்கி விழுந்துச்சு. வெளிச்சம் மூஞ்சில அடிக்குது. எதிர்ல பெரிய திரை, அதுல ஒரு நரைச்ச தலை, கலைஞ்சு போய், பலகைக்கு மேல முழுசா தெரியுது. கையில ஆமை. ஷெரின் வாய் மேல கையை வச்சுகிட்டு நிக்குது.

"அம்மா, நீங்க?"ன்னு தொகுப்பாளர் மைக்கை நீட்டினான். நான் பதில் சொல்லலை. ஆமை சொல்லுச்சு. எங்கப்பா சொன்னார், அந்தப் போட்டோ வந்ததுலேருந்து சாகற வரைக்கும் அவர் சொல்லாததை நான் சொல்ல வச்சேன். "இது என் பொண்ணு மனோரஞ்சிதம். பெரம்பூர் ஏழுமலை பொண்ணு. ஆமை பேசினது இவதான். ஆரம்பத்துலேருந்து இவ மட்டும்தான்." உதட்டை ஒளிக்காம, கேமராவைப் பாத்தே பேசினேன். முன் வரிசையில மருமகள் எழுந்து நிக்கிறா, என்ன பண்றதுன்னு தெரியாம மறுபடி உட்கார்றா.

ராமபத்ரன் என்னை அண்ணாந்து பாத்தார். அந்தக் கண்ணுல என்ன இருந்துச்சுன்னு எனக்குத் தெரியாது, தெரிஞ்சுக்கவும் ஆசை இல்லை. அணில் மெதுவாத் திரும்பி ஆமையைப் பாத்துச்சு. நான் மணிக்கட்டை மடக்கினேன், தாத்தா தலை ஓட்டுக்குள்ள போயிடுச்சு. பசங்களுக்கு உடனே புரிஞ்சுடுச்சு, எல்லாம் மூச்சைப் பிடிச்சுகிட்டு உட்கார்ந்துதுங்க. அணில் வந்து ஓட்டைத் தட்டுச்சு. டொக், டொக், டொக். அடுத்து என்ன சொல்லணும்னு அதுக்குத் தெரியும், வாராவாரம் சொன்னதுதானே. சொல்லலை. மறுபடியும் தட்டுச்சு. தொகுப்பாளர் என்னைப் பாக்கிறான், கேமராக்காரன் என்னைப் பாக்கிறான், நேரலை ஓடிகிட்டிருக்கு. "தாத்தா"ங்குது, அழற குரல், அதுக்கு மேல வார்த்தை வரலை. அந்த வார்த்தை வந்தாத்தான் தலை வெளிய வரும், அதுதான் சட்டம், அந்தப் பெட்டிக்குள்ள நானா சட்டம் போட்டேன்? எனக்கு அவசரம் ஒண்ணும் இல்லை. தட்டட்டும்.